பெயருக்குள் ஒரு கொல்லன் பட்டறை

பெண் குழந்தைக்குக் கொல்லன் தொழிலைச் சொல்லும் பெயரை யாராவது வைப்பார்களா? அயர்லாந்தின் தென்மேற்கு மூலையில் நூற்றாண்டுக் கணக்கில் வைத்தார்கள். அந்தப் பெயர் கொப்னிட். 'காந்தி' என்று சொல்லும்போது வரும் 'க'வின் ஒலியோடு உச்சரிக்க வேண்டும். பழைய ஐரிஷ் மொழியில் 'கொபா' என்றால் கொல்லன். பின்னால் ஒட்டிக்கொண்டிருக்கும் 'நிட்', பெண்பாலையும் சிறுமையையும் சேர்த்துச் சொல்லும் விகுதி. 'பட்டறைச் சிறுமி' என்று செல்லமாகச் சொன்னால் ஏறக்குறைய சரியாக இருக்கும்.

கார்க், கெர்ரி மாவட்டங்களில் ஒரு காலத்தில் சர்வ சாதாரணமாகப் புழங்கிய பெயர் இது. இன்று அந்தப் பெயரோடு இருப்பவர்களில் பலர் பாட்டிமார்கள். அயர்லாந்தின் மத்தியப் புள்ளியியல் அலுவலகம் ஆண்டுதோறும் குழந்தைகளுக்கு வைக்கப்படும் பெயர்களை வரிசைப்படுத்தி வெளியிடுகிறது. முதல் 100 இடங்களில் கொப்னிட்டைத் தேடுவது வீண் வேலை. ஆங்கிலக் கொச்சையில் 'காப்' என்றால் வாய், அதுவும் மரியாதை இல்லாத வாய். பள்ளிக்கூடத்தில் இந்தப் பெயரோடு போய் நிற்கும் பெண்ணை மற்ற பிள்ளைகள் சும்மா விடுவார்களா? பெற்றோர் தயங்குவதில் ஆச்சரியமில்லை.

ஆனால் கொப்னிட் அருகிப்போனதற்குக் கேலி மட்டும் காரணம் அல்ல. அதற்கு வெகு முன்பே இந்தப் பெயர் இரண்டு முறை மொழிபெயர்க்கப்பட்டது. இரண்டுமே தப்பான மொழிபெயர்ப்புகள். தப்பு எவ்வளவு பெரியது என்பது 1951இல், ஒரு மண்வெட்டியின் உபயத்தில் தெரியவந்தது.

முதலில் பெயருக்கு உரியவளைப் பார்க்கலாம். கொப்னிட் ஒரு கிறிஸ்தவப் புனிதை. ஆறாம் நூற்றாண்டில் வாழ்ந்தவள் என்பது மரபு. அவளுக்கென்று பழைய வாழ்க்கை வரலாறு எதுவும் எஞ்சவில்லை. இருப்பதெல்லாம் ஊர் வாய்க் கதைகள். கிளேர் மாவட்டத்தில் பிறந்தவள், பகைவர்களுக்குப் பயந்து அரன் தீவுகளில் மிகச் சிறியதான இனிஷியருக்கு ஓடுகிறாள். அங்கே ஒரு தேவதை தோன்றி, 'உன் இடம் இது இல்லை; ஒன்பது வெள்ளை மான்கள் மேயும் இடத்தைத் தேடிப் போ' என்கிறது. தெற்கே நடக்கிறாள். ஓரிடத்தில் மூன்று மான்கள். இன்னோரிடத்தில் ஆறு. கார்க் மாவட்டத்து பாலிவூர்னியில் ஒன்பதும் ஒன்றாக மேய்ந்துகொண்டிருந்தன. அங்கேயே தங்கி, பெண்களுக்கான மடம் ஒன்றை நிறுவினாள். இனிஷியரில் அவள் பெயரைத் தாங்கிய சின்னஞ்சிறு கோயிலின் இடிபாடு இன்றும் நிற்கிறது.

அவள் பெயரைச் சொன்னதும் அயர்லாந்துக்காரர்களுக்கு நினைவு வருவது தேனீ. பாலிவூர்னி மக்களின் மாடுகளைக் கொள்ளைக்கூட்டம் ஓட்டிக்கொண்டு போகிறது. கொப்னிட் தன் தேன்கூட்டைத் திறந்துவிடுகிறாள். கொட்டுப்பட்ட கொள்ளையர்கள் மாடுகளை விட்டுவிட்டு ஓடுகிறார்கள். கதைக்கு இன்னொரு வடிவமும் உண்டு. அதில் தேனீக்கள் போர் வீரர்களாக மாறுகின்றன. காலியான கூடு வெண்கலத் தலைக்கவசமாக மாறிவிடுகிறது. இந்தத் தலைக்கவசத்தைக் கொஞ்சம் நினைவில் வைத்துக்கொள்வது நல்லது.

பழைய அயர்லாந்தில் தேனீ விளையாட்டான விஷயம் இல்லை. சர்க்கரை அறியாத நாட்டில் இனிப்பு என்றால் தேன்தான். கோயிலில் ஏற்றும் மெழுகுவத்திக்கு மெழுகு கொடுப்பதும் தேனீதான். ஏழாம் நூற்றாண்டில் தேனீக்களுக்கென்றே தனிச் சட்டநூல் எழுதி வைத்தார்கள். ஒருவனுடைய தேனீ பக்கத்து நிலத்துப் பூக்களில்தானே மேய்கிறது, ஆகவே அண்டைவீட்டுக்காரனுக்கும் பங்கு உண்டு என்கிறது அந்தச் சட்டம். தேனீ கொட்டிக் கண் போன ஒரு மன்னன், அங்ககீனன் ஆட்சி செய்யக் கூடாது என்ற விதிப்படி அரியணையை இழந்த கதையும் அதில் வருகிறது. இப்படிப்பட்ட நாட்டில், தேனீக்களை ஏவல் கொண்டவள் புனிதையாகக் கொண்டாடப்பட்டது இயல்பு.

அவள் திருநாள் பிப்ரவரி 11. 1601ஆம் ஆண்டிலேயே, அந்த நாளில் பாலிவூர்னிக்கு யாத்திரை போகிறவர்களுக்குப் போப் எட்டாம் கிளமென்ட் பாவ மன்னிப்புச் சலுகை வழங்கியிருக்கிறார். இன்றும் கூட்டம் வருகிறது. சுமார் இரண்டடி உயரமுள்ள இடைக்கால மரச் சிலை ஒன்றை அன்று வெளியே எடுத்து வைக்கிறார்கள். பக்தர்கள் கையில் ரிப்பன். அதைச் சிலையின் உயரத்துக்கு வைத்து அளக்கிறார்கள், சிலையைச் சுற்றியும் அளக்கிறார்கள். 'கொப்னிட்டின் அளவு' என்று அதற்குப் பெயர். வீட்டில் யாருக்காவது தலைவலி, காய்ச்சல், தீராத நோய் என்றால் அந்த ரிப்பனை எடுத்துக் கட்டுவார்கள்.

இத்தனை பிரியமாகக் கொண்டாடப்படுகிற பெயர் மக்களின் தொட்டிலிலிருந்து எப்படி இறங்கியது?

1831இல் பிரிட்டிஷ் அரசு அயர்லாந்தில் தேசியப் பள்ளிகளைத் தொடங்கியது. பயிற்று மொழி ஆங்கிலம். 1845இல் தொடங்கிய உருளைக்கிழங்குப் பஞ்சம் சுமார் பத்து லட்சம் பேரைக் கொன்றது. அதே அளவு மக்களைக் கப்பலேற்றியது. செத்தவர்களிலும் போனவர்களிலும் பெரும் பகுதியினர் ஐரிஷ் பேசிய ஏழைகள். 1864இல் எல்லாப் பிறப்புகளையும் பதிவு செய்யும் முறை வந்தது. பள்ளி ஆசிரியர், பாதிரியார், பதிவு குமாஸ்தா ஆகிய மூவருக்கும் ஆங்கில எழுத்தில் அடங்குகிற பெயர் தேவைப்பட்டது.

எனவே ஒவ்வொரு ஐரிஷ் பெயருக்கும் ஓர் ஆங்கில ஜோடி தேடப்பட்டது. சில ஜோடிகள் ஓசையால் சேர்ந்தவை. 'ஒளி' என்று பொருள்படும் சொரகா, அதே எழுத்தில் தொடங்குகிறது என்பதற்காக சாரா ஆனாள். 1593இல் இங்கிலாந்து அரசி முதலாம் எலிசபெத்தை நேரில் போய்ச் சந்தித்த கடலோடித் தலைவி கிரானியாவை ஆங்கிலேயர் கிரேஸ் ஆக்கினார்கள். சில ஜோடிகள் பொருளால் சேர்ந்தவை, அல்லது சேர்ந்தவை என்று நம்பப்பட்டவை. ஐரிஷில் 'உவன்' என்றால் ஆட்டுக்குட்டி, லத்தீனில் 'ஆக்னஸ்' என்றாலும் ஆட்டுக்குட்டி. ஆகவே ஊனா என்ற பெண் ஆக்னஸ் ஆனாள். இன்னும் சில ஜோடிகளுக்குக் காரணமே சொல்ல முடியாது. டீர்முட் என்ற பையன் ஜெரமையா ஆனான், கொனோர் என்பவன் கொர்னீலியஸ் ஆனான்.

ஊர்ப் பெயர்களுக்கும் இதே கதிதான். 1824இல் தொடங்கிய நில அளவைத் துறை, நாடு முழுவதையும் வரைபடமாக்கியபோது ஐரிஷ் ஊர்ப் பெயர்களை ஆங்கிலக் காதுக்குக் கேட்டபடி எழுதி வைத்தது. நாடகாசிரியர் பிரையன் ஃப்ரீல் இதை வைத்தே 'மொழிபெயர்ப்புகள்' என்ற நாடகத்தை எழுதினார். 1980இல் டெர்ரி நகரில் அரங்கேறிய அந்த நாடகத்தில் ஒரு ஊரின் பெயர் மாற்றி எழுதப்படும் தருணம்தான் பார்ப்பவரை அதிகம் உலுக்குகிறது.

கொப்னிட்டுக்குக் கிடைத்த முதல் ஜோடி, அபிகெயில். சுருக்கமாக அபி. விவிலியத்தில் வரும் எபிரேயப் பெயர். 'தந்தையின் மகிழ்ச்சி' என்று பொருள் சொல்வார்கள். கொல்லனுக்கும் அதற்கும் ஒட்டும் இல்லை, உறவும் இல்லை. தாவீதிடம் பேசும்போது அபிகெயில் தன்னை 'உமது அடியாள்' என்று சொல்லிக்கொண்டதாலும், 17ஆம் நூற்றாண்டு லண்டன் நாடகம் ஒன்றில் பணிப்பெண்ணுக்கு அந்தப் பெயர் வைக்கப்பட்டதாலும், ஆங்கிலத்தில் 'அபிகெயில்' என்றாலே சீமாட்டியின் வேலைக்காரி என்ற பொருள் ஏற்பட்டிருந்தது. தொழில் தெரிந்த கைவினைப் பெண்ணின் பெயர், ஏவலுக்கு நிற்கும் பெண்ணின் பெயராகப் பதிவேட்டில் ஏறியது. எழுதியவர்களுக்கு இது தெரிந்திருக்க வேண்டும் என்பதில்லை. காலத்தின் குறும்பு அப்படி.

இரண்டாவது ஜோடி டெபோரா. இதைத் தேர்ந்தெடுத்தவர்கள் படித்தவர்கள் என்பதில் சந்தேகமில்லை. எபிரேயத்தில் டெபோரா என்றால் தேனீ. தேனீக்களின் புனிதைக்குத் தேனீயின் பெயர். புத்திசாலித்தனமான மொழிபெயர்ப்பு என்று யாரும் முதுகில் தட்டிக்கொடுப்பார்கள். ஆனால் மொழிபெயர்க்கப்பட்டது கதை, பெயர் அல்ல. கொப்னிட் என்ற சொல்லில் தேனீ எங்குமே இல்லை. அவள் புகழைப் பார்த்தார்களே தவிர, சொல்லைப் பிரித்துப் பார்க்கவில்லை.

இதனால் ஒரே பெண்ணுக்கு மூன்று பெயர்கள் இருந்தன. வீட்டில் கொப்னிட். கோயில் ஞானஸ்நானப் பதிவேட்டில் லத்தீனில் கொப்னாட்டா. பள்ளியிலும் அரசுத் தாளிலும் அபிகெயில் அல்லது டெபோரா. 1901, 1911 மக்கள்தொகைக் கணக்கெடுப்பின் மூலப் படிவங்களை இப்போது இணையத்தில் எவரும் பார்க்கலாம். கார்க், கெர்ரி கிராமங்களின் ஓட்டு வீடுகளிலும் கூரை வீடுகளிலும் இந்த அபிகெயில்கள் இருக்கிறார்கள். பக்கத்தில் 'பேசும் மொழி: ஐரிஷ்' என்ற குறிப்பு. அமெரிக்காவில் பிறந்த கொள்ளுப்பேத்தி, 'எங்கள் பாட்டி அபிகெயில்' என்று விசாரித்துக்கொண்டு பாலிவூர்னிப் பக்கம் போனால், அந்தப் பெயரில் அங்கே யாரும் வாழ்ந்ததாக ஊர் நினைவில் இருக்காது. அங்கே வாழ்ந்தவள் கொப்னிட்.

பழியை எல்லாம் குமாஸ்தாவின் தலையில் கட்டிவிட முடியாது. பெற்றோரும் மாற்றினார்கள். பாஸ்டனுக்கோ நியூயார்க்குக்கோ கப்பலேறப் போகும் மகளுக்கு, வேலை கொடுக்கும் எஜமானிக்குச் சொல்ல வராத பெயர் ஒரு சுமை என்று அவர்களுக்குத் தெரிந்திருந்தது. பசியைப் பார்த்தவர்கள் எடுத்த முடிவு அது. பசியறியாதவர்கள் அதைக் குறை சொல்வது சுலபம்.

இனி அந்த மண்வெட்டிக் கதை. பாலிவூர்னியில், புனிதையின் கல்லறைக்கு அருகே வட்ட வடிவமான கல் கட்டுமானம் ஒன்றின் எச்சம் உண்டு. 'கொப்னிட்டின் வீடு' என்று ஊரார் அதைக் காலம் காலமாகச் சொல்லி வந்தார்கள். யாத்திரிகர்கள் அதைச் சுற்றி வந்து ஜெபம் செய்தார்கள். 1951இல் கார்க் பல்கலைக்கழகக் கல்லூரிப் பேராசிரியர் எம். ஜே. ஓ'கெல்லி அதைத் தோண்டி ஆராய்ந்தார். பின்னாளில், 1962 முதல் 1975 வரை நியூகிரேஞ்ச் பெருங்கல் நினைவிடத்தை அகழ்ந்து உலகப் புகழ் பெற்றவர் இவர்தான். கொப்னிட்டின் வீட்டில் ஓ'கெல்லிக்கு என்ன கிடைத்தது? இரும்புக் கசடு. உலை வேலையின் எச்சங்கள். தவம் செய்யும் குடில் என்று ஊரார் நம்பிய இடத்தில் இரும்பு வேலை நடந்திருந்தது. கும்பிட்டவர்கள் சுற்றி வந்தது ஒரு கொல்லன் பட்டறையை.

இதை வைத்து, கொப்னிட் சம்மட்டி பிடித்தாள் என்று முடிவு கட்டிவிட முடியாது. மடங்களில் இரும்பு வேலை நடப்பது அந்தக் காலத்தில் சகஜம். கலப்பைக்கும் மணிக்கும் கொல்லன் வேண்டுமே. அறிஞர்களில் ஒரு சாரார் வேறு திசையில் யோசிக்கிறார்கள். கிறிஸ்தவத்துக்கு முந்தைய அயர்லாந்தில் கொய்வ்னியு என்று ஒரு கொல்லத் தெய்வம் இருந்தது. அதன் பெயருக்கும் கொப்னிட்டுக்கும் வேர் ஒன்று. அயர்லாந்தின் மிகப் பெரிய புனிதை பிரிஜித்தின் பெயரிலும் கவிதைக்கும் வைத்தியத்துக்கும் கொல்லு வேலைக்கும் உரிய பழைய தெய்வங்கள் இருந்தன. அவளைப் போலவே கொப்னிட்டும் பட்டறைத் தெய்வமாக இருந்து புனிதையாக மாறியிருக்கலாம் என்பது அவர்கள் வாதம். இல்லை, கொல்லர் குலத்தில் பிறந்து மடம் நடத்திய நிஜமான பெண்ணாகவே இருக்கலாம் என்பாரும் உண்டு.

எப்படி இருந்தாலும் ஒன்று உறுதி. கதைகள் பட்டறையைக் கிட்டத்தட்ட மறந்துவிட்டன. தேனீக்கூடு வெண்கலத் தலைக்கவசமாக மாறியது என்ற ஒரு வடிவத்தில் மட்டும் உலோகத்தின் மங்கலான சாயல் தெரிகிறது. வெண்கல வார்ப்புக்குத் தேன்மெழுகு அச்சு தேவை என்பதை அறிந்தவர்களுக்கு, கூடும் கவசமும் ஒரே கதையில் வருவது அவ்வளவு வினோதமாகத் தோன்றாது. ஓவியர்களும் தேனீயைத்தான் பிடித்துக்கொண்டார்கள். ஹாரி கிளார்க் கார்க் நகரின் ஹோனன் தேவாலயத்துக்குச் செய்த வண்ணக் கண்ணாடி ஜன்னலில், கொள்ளையரைத் தேனீக்கள் விரட்டுகின்றன. பாலிவூர்னியில் நிற்கும் ஷேமஸ் மர்ஃபியின் சிலையில், புனிதை தேன்கூட்டின் மேல் நிற்கிறாள். மக்கள் நினைவு, கலை, மொழிபெயர்ப்பு எல்லாம் கைவிட்ட ஒரு செய்தியை இரண்டெழுத்து மூன்றெழுத்துப் பகுதி ஒன்று ஆயிரம் ஆண்டுக்கு மேல் சுமந்து வந்திருக்கிறது. அந்தப் பகுதியை வெட்டி எறிந்துவிட்டு டெபோரா என்று எழுதியபோது போனது ஓசை மட்டுமா?

சுதந்திர உணர்வு எழுந்த காலத்தில் இந்தப் பெயர்களை மீட்க முயற்சி நடந்தது. 1892இல் டக்ளஸ் ஹைட், அயர்லாந்து தன் ஆங்கிலச் சாயத்தைக் கழுவ வேண்டும் என்று டப்ளினில் ஆற்றிய உரையில், மக்கள் தங்கள் பெயர்களைக் கைவிடுவதையும் குறிப்பிட்டுச் சாடினார். அடுத்த ஆண்டே கேலிக் லீக் பிறந்தது. ஆனால் மறுமலர்ச்சிக்காரர்கள் தேடியது காவிய நாயகிகளை. டெர்ட்ரா என்ற பழங்கதைப் பேரழகியை வைத்து யேட்ஸ் எழுதிய நாடகம் 1906இலும் சிங் எழுதிய நாடகம் 1910இலும் மேடையேறின. அந்தப் பெயர் நாடெங்கும் பரவியது. கிரானியா திரும்பி வந்தாள். நீவ் வந்தாள். ராஜகுமாரிகள் எல்லாரும் திரும்பினார்கள். பால் கறக்கும் பாட்டியின் பெயராக, கரடுமுரடான ஓசையோடு கிராமத்தில் ஏற்கெனவே உயிரோடு இருந்த கொப்னிட்டை யாரும் அழைக்கவில்லை. அந்நியர் பாதி அழித்த பெயரை, சொந்த நாட்டு ரசனை மீதியும் ஒதுக்கியது.

ஊர்ப் பெயருக்கு மட்டும் விடிவு வந்தது. 2003ஆம் ஆண்டு ஆட்சி மொழிகள் சட்டத்தின் தொடர்ச்சியாக 2004இல் பிறந்த ஆணைப்படி, ஐரிஷ் பேசும் பகுதிகளில் ஊர்களின் ஐரிஷ் பெயர்களே சட்டப்படி செல்லுபடியாகும். பாலிவூர்னியும் அதில் அடக்கம். கெர்ரியிலும் வாட்டர்ஃபோர்டிலும் 'கொப்னிட்டின் கோயில்' என்ற பொருளில் ஊர்ப் பெயர்கள் உண்டு. பலகையை அரசாங்கம் மாற்றிவிடலாம். தொட்டிலில் கிடக்கும் குழந்தையின் பெயருக்கு ஆணை போட முடியாது. 2022 கணக்கெடுப்பில் 18 லட்சத்துக்கும் மேற்பட்டோர் ஐரிஷ் பேச வரும் என்றார்கள். பள்ளிக்கூடத்துக்கு வெளியே தினமும் பேசுகிறவர்கள் சுமார் 72 ஆயிரம்தான்.

வேடிக்கை என்னவென்றால், ஐரிஷ் பெயர்களுக்கு இப்போது மவுசு குறைவில்லை. 2021இல் அயர்லாந்தில் பிறந்த பெண் குழந்தைகளுக்கு வைக்கப்பட்ட பெயர்களில் முதலிடம் பிடித்தது ஃபீயா. காதுக்கு இதமான, புதிதாகப் பிரபலமான பெயர். பொருள் கேட்டால் 'காட்டுத்தனம்' என்பார்கள். அந்தச் சொல்லுக்கு இன்னொரு பொருளும் உண்டு: மான்.

வெள்ளை மான்களைத் தேடிப் போனவளின் பெயர் வழக்கொழிகிறது. மானின் பெயர் ஊரெல்லாம் ஒலிக்கிறது. அதில் குறை சொல்ல எதுவும் இல்லை. மானும் அதே மொழியின் சொத்துதான். ஆனாலும் ஒவ்வொரு பிப்ரவரி 11ஆம் தேதியும் அந்த மரச் சிலைக்கு முன்னால் வரிசை நீள்கிறது. குழந்தைக்குக் கொப்னிட் என்று பெயர் வைக்கத் துணியாத தாய்மார்களும், அதே குழந்தைக்குக் காய்ச்சல் வந்தால் கட்டுவதற்கு ஒரு முழம் ரிப்பனை அளந்து, சுருட்டிப் பைக்குள் வைத்துக்கொண்டுதான் வீடு திரும்புகிறார்கள்.